மனித உரிமை வழக்கறிஞராகத் தொழில் நடத்துவது எப்படி: சட்ட மாணவர்களுக்கும் இளம் வழக்கறிஞர்களுக்கும்

மனித உரிமை வழக்கறிஞர் என்று தனியாக ஒரு பட்டமோ பதிவோ நம் நாட்டில் கிடையாது. 1961-ஆம் ஆண்டின் வழக்கறிஞர்கள் சட்டத்தின் கீழ் பார் கவுன்சிலில் பெயரைப் பதிவு செய்துகொண்ட எவரும் காலையில் காசோலை வழக்கில் ஆஜராகிவிட்டு, பிற்பகலில் ஆட்கொணர்வு மனுவில் வாதிடலாம். அதிகாரத்தில் இருப்பவரோ ஆதிக்கம் உள்ளவரோ ஒருவருடைய உயிர், உடல், சுதந்திரம், மானம் ஆகியவற்றின் மீது கைவைக்கும்போது, பாதிக்கப்பட்டவரின் பக்கம் நின்று வழக்கு நடத்துவதையே தொழிலின் மையமாக வைத்துக்கொள்பவரை அந்தப் பெயரால் அழைக்கிறோம். தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் அந்தத் தொழிலைச் செய்ய விரும்புகிறவர்களுக்காக இந்தக் கட்டுரை எழுதப்படுகிறது. நீதிமன்றத்தில் ஆவேசமாகப் பேசும் காட்சியை மனத்தில் வைத்துக்கொண்டு வருகிறவர்கள் விரைவில் சலித்துப்போகிறார்கள். ஏனெனில் இந்த வகை வழக்குகளில் பெரும்பாலானவை, வாதம் தொடங்குவதற்கு வெகு முன்பே, சம்பவம் நடந்த ஓரிரு நாட்களுக்குள் எந்தக் காகிதம் யார் கையில் சேர்ந்தது என்பதிலேயே பாதி முடிவாகிவிடுகின்றன. கீழே வரும் யோசனைகள் அனைத்தும் அந்த ஓர் உண்மையைச் சுற்றியே அமைந்தவை.

படிப்பும் பதிவும்

படிப்பைப் பற்றி நீளமாகச் சொல்ல வேண்டியதில்லை. பிளஸ் டூ முடித்தவர்கள் ஐந்தாண்டுப் படிப்பிலும், பட்டம் பெற்றவர்கள் மூன்றாண்டுப் படிப்பிலும் சேரலாம். மதுரை, திருச்சி, கோவை, திருநெல்வேலி, செங்கல்பட்டு முதலான ஊர்களில் உள்ள அரசு சட்டக் கல்லூரிகள் டாக்டர் அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்தின் கீழ் இயங்குகின்றன. திருச்சியில் உள்ள தமிழ்நாடு தேசிய சட்டப் பல்கலைக்கழகத்துக்கு கிளாட் என்ற நுழைவுத் தேர்வை எழுத வேண்டும். இந்தத் தொழிலைப் பொறுத்தவரை கல்லூரியின் பெயர் பெரிய வேறுபாட்டை உண்டாக்குவதில்லை. அரசு சட்டக் கல்லூரியில் படித்து, மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் மாலை நேரங்களைக் கழித்தவர்கள் இதில் நன்றாகவே நிலைபெற்றிருக்கிறார்கள்.

படிக்கும் காலத்தில் செய்ய வேண்டியவை மூன்று. அரசியலமைப்பு, குற்றவியல் நடைமுறை, சாட்சியம் ஆகிய மூன்று பாடங்களையும் கைடு இல்லாமல் மூலச் சட்டத்திலிருந்தே படிக்க வேண்டும். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறைக்கு வந்துவிட்டதால் பழைய பிரிவு எண்களையும் புதிய எண்களையும் சேர்த்தே மனத்தில் பதித்துக்கொள்ள வேண்டும், ஏனெனில் முன்தீர்ப்புகள் எல்லாம் பழைய எண்களில்தான் பேசுகின்றன. அடுத்து, முக்கியமான தீர்ப்புகளை முழுமையாகப் படிக்க வேண்டும். சென்னை மாகாணத்திலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போன ரொமேஷ் தாப்பர் வழக்கும் ஏ.கே.கோபாலன் வழக்கும் 1950-இல் முடிவானவை, வி.ஜி.ராவ் வழக்கு 1952-இல் முடிவானது. ஒருவரின் சுதந்திரத்தைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாகவும் இருக்க வேண்டும் என்று கோபாலன் வழக்கில் வைக்கப்பட்டு ஏற்கப்படாத வாதம் 1978-இல் மேனகா காந்தி வழக்கில் எப்படித் திரும்பி வந்து நின்றது என்பதைத் தொடர்ந்து படிப்பவருக்கு, இன்று தோற்ற வாதத்தைப் பதிவில் ஏற்றி வைப்பதன் பயன் தானே விளங்கும். மூன்றாவது, இலவசச் சட்ட உதவி வழங்கும் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் சட்டத் தன்னார்வலராகச் சேர்ந்துகொள்வது. சிறைக்கும் காவல் நிலையத்துக்கும் மாணவப் பருவத்திலேயே உள்ளே போய்வர அதைவிட எளிய வழி இல்லை.

பதிவுக் கட்டணம் ஒரு காலத்தில் ஏழை மாணவருக்குப் பெருந்தடையாக இருந்தது. சட்டத்தில் குறிப்பிட்ட தொகைக்கு மேல் எந்த மாநில பார் கவுன்சிலும் பதிவுக் கட்டணம் வாங்கக் கூடாது என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன்படி பொதுப் பிரிவினருக்கு 750 ரூபாயும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 125 ரூபாயும் மட்டுமே. அதன்பின் அகில இந்திய பார் தேர்வு ஒன்று இருக்கிறது. மூலச் சட்டப் புத்தகங்களைப் பார்த்து எழுத அனுமதி உண்டு என்பதால், மேலே சொன்னபடி படித்தவருக்கு அது சிரமமாக இராது.

சீனியரைத் தேர்ந்தெடுப்பது

செய்தித்தாளில் அடிக்கடி பெயர் வரும் வழக்கறிஞரிடம் ஜூனியராகச் சேர வேண்டும் என்று எல்லோரும் ஆசைப்படுகிறார்கள். அலுவலகத்தில் வழக்குக் கட்டுகள் எப்படி அடுக்கப்பட்டிருக்கின்றன, குமாஸ்தாவுக்கு அடுத்த வாய்தா தேதி தெரிகிறதா, சீனியர் தாமே குறுக்கு விசாரணை செய்கிறாரா என்று பார்த்துச் சேருவது நல்லது. முதல் இரண்டு ஆண்டுகளாவது விசாரணை நீதிமன்றத்தில் இருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. நேரே உயர் நீதிமன்றத்துக்குப் போய் ரிட் மனு எழுதப் பழகியவர், காவல் துறை ஒரு மகஜரை (சம்பவ இடத்திலோ பறிமுதலின்போதோ எழுதும் பதிவை) எங்கே உட்கார்ந்து எழுதும், சாட்சியின் வாக்குமூலம் எப்படி ஒரே அச்சில் வார்த்ததுபோல வரும், ரிமாண்டு நேரத்தில் நடுவர் என்ன கேட்பார், என்ன கேட்காமல் விடுவார் என்பதையெல்லாம் கண்ணால் பார்த்திருக்க மாட்டார். பார்க்காதவர் எழுதும் பிரமாணப் பத்திரத்தில் அந்தக் குறை தெரியும்.

ஊதியத்தை முதல் நாளே வெளிப்படையாகப் பேசிவிட வேண்டும். சென்னை, மதுரை, கோவையில் ஜூனியர்களுக்கு மாதம் 20,000 ரூபாயும் மற்ற மாவட்டங்களில் 15,000 ரூபாயும் குறைந்தபட்சம் தரப்பட வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் 2024 ஜூனில் கூறியது. நடைமுறை எல்லா அலுவலகங்களிலும் அப்படி இல்லை என்பது எல்லோருக்கும் தெரிந்ததுதான். கேட்கக் கூச்சப்படுகிறவர், பின்னாளில் கட்சிக்காரருக்காக அதிகாரியிடம் எதையும் கேட்கத் தயங்குவார்.

முதல் 48 மணி நேரம்

இந்தப் பகுதிதான் தொழிலின் உயிர்நாடி. இரவு பதினோரு மணிக்கு ஓர் அழைப்பு வருகிறது: மகனைப் போலீசார் அழைத்துப் போய்விட்டார்கள், எந்த ஸ்டேஷன் என்று தெரியவில்லை. அழுகிற தாய்க்கு ஆறுதல் சொல்வதோடு சில கேள்விகளையும் கேட்டுக் குறித்துக்கொள்ள வேண்டும். எத்தனை மணிக்கு, எந்த இடத்திலிருந்து அழைத்துப் போனார்கள், யார் பார்த்தார்கள், சீருடையில் வந்தார்களா, வண்டி எண் என்ன, அருகில் கடையில் கேமரா இருக்கிறதா? பிடித்த நேரத்துக்கும், பின்னர் காவல் துறை காகிதத்தில் காட்டப்போகும் கைது நேரத்துக்கும் இடையில் உள்ள இடைவெளிதான் சட்டவிரோதக் காவல். அதை நிரூபிக்கும் சுமை நம் மேல் விழும்.

2013 ஜூலையில் தந்திச் சேவை நிறுத்தப்படும்வரை, இந்த மாதிரி நேரத்தில் வழக்கறிஞர்கள் காவல் கண்காணிப்பாளருக்கும் நடுவருக்கும் தந்தி கொடுத்து வைப்பார்கள். கைது காட்டப்படுவதற்கு முன்பே தந்தி போயிருக்கிறது என்பது நீதிமன்றத்தில் கனமான சான்றாக நின்றது. இன்று அந்த வேலையை மின்னஞ்சல் செய்கிறது. கண்காணிப்பாளர் அல்லது ஆணையர், மாநில மனித உரிமை ஆணையம், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு ஆகியோருக்கு, நேரமும் இடமும் பெயரும் மட்டும் கொண்ட நான்கு வரி மின்னஞ்சலை உடனே அனுப்பிவிட வேண்டும். இதில் இலக்கியம் வேண்டாம், குற்றச்சாட்டும் வேண்டாம்; அனுப்பிய நேரம் பதிவாவதுதான் முக்கியம். மறுநாள் அதையே பதிவுத் தபாலிலும் அனுப்பி ரசீதை வழக்குக் கட்டில் சேர்க்க வேண்டும்.

நிலையத்துக்கு நேரில் போகும்போது குரலை உயர்த்தாமல் சட்டத்தைச் சொல்லிப் பழக வேண்டும். கைதுக்கான காரணத்தைத் தெரிவிக்க வேண்டும், விரும்பிய வழக்கறிஞரைக் கலந்தாலோசிக்க விட வேண்டும், பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்துக்குள் நடுவர் முன் நிறுத்த வேண்டும் என்று அரசியலமைப்பின் 22-ஆம் உறுப்பு கூறுகிறது. டி.கே.பாசு வழக்கில் 1996 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் வகுத்த 11 நெறிகளில், கைதுக் குறிப்பில் குடும்பத்தாரோ அப்பகுதியைச் சேர்ந்த மரியாதைக்குரிய ஒருவரோ சாட்சியாகக் கையெழுத்திட வேண்டும் என்பதும், உடலில் உள்ள காயங்களை அப்போதே குறித்துக் கைதானவரின் கையெழுத்தையும் பெற வேண்டும் என்பதும் அடங்கும். கைதுக்கான காரணத்தை எழுத்து வடிவில் தர வேண்டும் என்று 2023, 2024 ஆண்டுகளில் வந்த தீர்ப்புகள் அதை மேலும் இறுக்கியிருக்கின்றன. மேற்கு வங்கச் சட்ட உதவி அமைப்பு ஒன்றின் நிர்வாகி 1986-இல் தலைமை நீதிபதிக்கு எழுதிய ஒரு கடிதத்தில் தொடங்கியதுதான் பாசு வழக்கு என்பதை இங்கே நினைவில் கொள்ளலாம்.

அடுத்து சி.சி.டி.வி. எல்லாக் காவல் நிலையங்களிலும் ஒலியுடன் பதிவாகும் கேமராக்கள் வேண்டும், பதிவை 18 மாதங்கள் வைத்திருக்க வேண்டும், அதற்கு வழியில்லாத இடத்தில் ஓராண்டாவது வைத்திருக்க வேண்டும் என்று பரம்வீர் சிங் சைனி வழக்கில் 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. அதே ஆண்டு ஜூனில் சாத்தான்குளத்தில் தந்தையும் மகனும் இறந்தபோது, நிலையத்துக் கேமராப் பதிவு அன்றாடம் தானாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்ததை விசாரிக்கச் சென்ற நடுவர் பதிவு செய்தார். ஆகவே பதிவைப் பாதுகாக்கக் கோரும் மனுவை, பதிவின் நகலைக் கேட்கும் மனுவுக்காகக் காத்திராமல், அன்றே கொடுத்துவிட வேண்டும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 7(1) பிரிவில் ஒருவருடைய உயிர் அல்லது சுதந்திரம் பற்றிய தகவலை 48 மணி நேரத்தில் தர வேண்டும் என்று இருப்பதைப் பலர் பயன்படுத்துவதே இல்லை.

அரசு மருத்துவமனையில் எழுதப்படும் விபத்துப் பதிவேடு, அதாவது ஏ.ஆர். காப்பி, இந்த வழக்குகளில் முதல் தகவல் அறிக்கையைவிடப் பெரியது. பணியில் இருக்கும் மருத்துவர், வந்தவர் சொல்வதைக் கேட்டு ஒரே வரியில் காரணத்தை எழுதுவார். “இன்ன தேதியில், இன்ன இடத்தில், தெரிந்த நான்கு நபர்களால் கைகளாலும் கட்டையாலும் தாக்கப்பட்டதாக” என்று அந்த வரி அமைந்துவிட்டால் வழக்குக்கு முதுகெலும்பு கிடைத்துவிடுகிறது. காவலர் பக்கத்தில் நிற்பதால் பயந்துபோய் “கழிவறையில் வழுக்கி விழுந்ததாக” என்று சொல்லிவிட்டால், பின்னால் பத்துச் சாட்சிகள் வந்தாலும் குறுக்கு விசாரணையில் அந்த ஒரு வரி திரும்பத் திரும்ப எடுத்து நீட்டப்படும். மாவுக்கட்டுடன் ரிமாண்டுக்கு வருகிறவர்களின் பதிவேடுகளைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். எனவே பாதிக்கப்பட்டவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டியது ஒன்றுதான்: மருத்துவர் கேட்கும்போது உண்மையை, எண்ணிக்கையுடன், எதனால் அடித்தார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள், கூட்டியும் சொல்லாதீர்கள், குறைத்தும் சொல்லாதீர்கள். கைதானவருக்குச் செய்யும் மருத்துவப் பரிசோதனை அறிக்கையின் நகலை அவரிடமோ அவர் குறிப்பிடும் நபரிடமோ தர வேண்டும் என்பது சட்டத்திலேயே இருக்கிறது. கேட்காதவருக்கு அது கிடைப்பதில்லை.

ரிமாண்டின்போது காயத்தை நடுவரிடம் வாயால் சொன்னால் போதாது. எழுத்தில் ஒரு மெமோ கொடுத்து, அதைப் பதிவு செய்யும்படி கேட்க வேண்டும். சிறைக்குள் நுழையும்போது சிறை மருத்துவர் எழுதும் குறிப்பு இன்னொரு சான்று. மறுநாளோ அதற்கடுத்த நாளோ சிறையில் மனு பார்க்கப் போகும்போது, காயங்கள் உடலில் எங்கெங்கே, என்ன நிறத்தில் இருக்கின்றன என்று குறித்து வந்து, தேதியிட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

காவலில் மரணம் நேர்ந்திருந்தால் நேரம் இன்னும் சுருங்குகிறது. நீதித்துறை நடுவரின் விசாரணை கட்டாயம்; தேசிய மனித உரிமை ஆணையத்துக்கு 24 மணி நேரத்துக்குள் தகவல் போக வேண்டும்; உடற்கூறாய்வு வீடியோவில் பதிவாக வேண்டும். உடற்கூறாய்வுக்கு முன்னும் பின்னும் குடும்பத்தார் உடலைப் பார்க்க அனுமதிக்க வேண்டும் என்றும், நீதிமன்றத்தை நாடப்போவதாக அவர்கள் எழுதிக் கொடுத்தால் உடலை 48 மணி நேரமாவது பாதுகாக்க வேண்டும் என்றும் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2020-இல் நெறிகள் வகுத்துள்ளது. உடலை உடனே வாங்கி எரித்துவிடும்படி குடும்பத்தின் மீது நெருக்கடி வரும். வாங்குவதா மறுப்பதா என்பது குடும்பத்தின் முடிவு. வழக்கறிஞர் தம் விருப்பத்தையோ போராட்டக் குழுவின் விருப்பத்தையோ அவர்கள்மீது ஏற்றக் கூடாது.

புகாரையே வாங்க மறுக்கும் நிலையத்தில், புகார் வந்ததைக் காட்டும் சி.எஸ்.ஆர். ரசீதாவது வாங்கிவிட வேண்டும். பின்னர் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபால், அதன்பின் நடுவரிடம் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 175(3) பிரிவின் கீழ் பிரமாணப் பத்திரத்துடன் மனு என்ற வரிசையைத் தவறாமல் பின்பற்ற வேண்டும். வரிசையில் ஒரு படியைத் தாண்டினால் மனு எண்ணிடப்படாமல் திரும்பிவரும்.

குண்டர் சட்ட வழக்குகளில் கையைப் பழக்குவது

இளம் வழக்கறிஞர் உயர் நீதிமன்றத்தில் முதலில் கற்றுக்கொள்ள ஏற்றது தடுப்புக் காவல் ஆணையை எதிர்க்கும் ஆட்கொணர்வு மனு. 1982-ஆம் ஆண்டின் தமிழ்நாடு சட்டம் 14, பேச்சு வழக்கில் குண்டர் சட்டம், ஒருவரை விசாரணையின்றி 12 மாதங்கள் வரை அடைத்து வைக்க அனுமதிக்கிறது. இத்தனை கடுமையான அதிகாரம் என்பதாலேயே நடைமுறையில் ஒரு சிறு பிசகு நேர்ந்தாலும் நீதிமன்றம் ஆணையை ரத்து செய்கிறது. பிசகைக் கண்டுபிடிப்பது பொறுமையான வாசிப்பு வேலை.

காவலில் வைக்கப்பட்டவரிடம் தரப்படும் ஆவணத் தொகுப்பை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை விரலை வைத்துப் படிக்க வேண்டும். எந்தப் பக்கமாவது வாசிக்க முடியாதபடி மங்கியிருக்கிறதா? ஆங்கிலத்தில் உள்ள ரிமாண்டு ஆணைக்கோ மருத்துவக் குறிப்புக்கோ தமிழ்ப் பிரதி இருக்கிறதா? தமிழ்ப் பிரதியில் தேதியும் பிரிவு எண்ணும் மூலத்தோடு ஒத்துப்போகின்றனவா? அவர் ஜாமீனில் வெளிவர வாய்ப்புண்டு என்று சொல்ல ஒப்பாகக் காட்டியிருக்கும் வேறொரு வழக்கின் ஜாமீன் ஆணை, உண்மையில் ஒத்த வழக்குதானா? ஜாமீன் மனுவே தாக்கல் செய்யாதவரைப் பற்றி, மனு நிலுவையில் இருப்பதாக எழுதியிருக்கிறார்களா? பிறகு கால வரிசை: காரணங்கள் ஐந்து நாட்களுக்குள் தரப்பட்டனவா, அரசு 12 நாட்களுக்குள் ஒப்புதல் அளித்ததா, மூன்று வாரங்களுக்குள், காவல் ஆணையைப் பரிசீலிக்கும் அறிவுரைக் கழகத்தின் முன் வைக்கப்பட்டதா? காவலில் உள்ளவரின் முறையீட்டைத் தாமதமின்றி அனுப்பி வைப்பதும் நம் வேலைதான். அது அரசின் எந்த மேசையில் எத்தனை நாள் கிடந்தது என்று, விடுமுறை நாட்களைக் கழித்துக் கணக்கிட்டுக் காட்டி விடுதலை பெற்ற வழக்குகள் ஏராளம். அறிவுரைக் கழகத்தில் வழக்கறிஞர் ஆஜராகும் உரிமை இல்லை. ஆகவே என்ன பேச வேண்டும் என்று கட்சிக்காரருக்குச் சிறையிலேயே சொல்லிக் கொடுத்துவிட வேண்டும்.

வன்கொடுமை வழக்குகள்

பட்டியல் சாதியினர், பழங்குடியினர் மீதான வன்கொடுமைகளைத் தடுக்கும் 1989-ஆம் ஆண்டுச் சட்டத்தில் வழக்கை நடத்துபவர் அரசுத் தரப்பு வழக்கறிஞர். ஆனாலும் 2015-இல் திருத்தி 2016 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த 15ஏ பிரிவு பாதிக்கப்பட்டவருக்கு ஒவ்வொரு கட்டத்திலும், ஜாமீன் மனு உட்பட, தகவல் பெறவும் கேட்கப்படவும் உரிமை தந்திருக்கிறது. அந்த உரிமையை உயிரோடு வைத்திருப்பதே நம் பணி. புகாரை எழுதும்போது, இழிவுபடுத்திய சொற்களைச் சொன்னபடியே எழுத வேண்டும். எந்த இடத்தில், யார் யார் பார்க்கும்படி நடந்தது என்று எழுத வேண்டும். எதிரிக்குப் பாதிக்கப்பட்டவரின் சாதி எப்படித் தெரியும் என்பதை எழுத வேண்டும். இவற்றில் ஒன்று விடுபட்டாலும் அதைக் காரணம் காட்டி வழக்கை ரத்து செய்யக் கோரும் மனு வரும். சாதிச் சான்றிதழை அதே நாளில் இணைக்க வேண்டும். விசாரணை அதிகாரி டி.எஸ்.பி. நிலைக்குக் குறையாதவர்தானா என்று பார்க்க வேண்டும்.

இந்த வழக்குகளில் எதிர்ப் புகார் ஒன்று வருவது ஏறக்குறைய வாடிக்கை. பாதிக்கப்பட்டவரின் வீட்டு இளைஞர்கள்மீது, அதே நாளில், சில மணி நேர இடைவெளியில் ஒரு வழக்கு பதிவாகும். பிறகு இரு தரப்பும் சமாதானமாகப் போகச் சொல்வார்கள். ஆகவே முதல் நாளிலேயே நம் தரப்பு இளைஞர்கள் எங்கே இருந்தார்கள் என்பதற்கான சான்றுகளையும் சேர்த்துத் திரட்ட வேண்டும். இந்தச் சட்டத்தின் விதிகளில் 12(4)-இன்படியான தீருதவித் தொகை முதல் தகவல் அறிக்கை, குற்றப்பத்திரிகை, தீர்ப்பு ஆகிய கட்டங்களில் பிரித்துத் தரப்படுகிறது. மாவட்ட ஆட்சியருக்கு எழுதி, அதைக் கேட்டு வாங்கித் தருவது வழக்கின் பாதி வெற்றி, ஏனெனில் அன்றாடக் கூலியை இழந்து சாட்சி சொல்ல வரும் குடும்பம் பிறழ்சாட்சியாக மாறாமல் இருப்பது பெரும்பாலும் அதில் தொங்கிக்கொண்டிருக்கிறது.

இழப்பீடும் ஆணையமும்

மகனைக் காவலில் இழந்த நீலாவதி பெஹெரா எழுதிய கடிதத்தை ரிட் மனுவாக ஏற்று, 1993-இல் உச்ச நீதிமன்றம் 1,50,000 ரூபாய் இழப்பீடு வழங்கியது. அடிப்படை உரிமை மீறலுக்கு அரசே பொறுப்பு என்ற அந்தக் கோட்பாட்டின் மீதுதான் உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆம் உறுப்பின் கீழ் இழப்பீடு கேட்கும் மனுக்கள் எல்லாம் நிற்கின்றன. கழிவுநீர்த் தொட்டியில் இறப்போரின் குடும்பத்துக்கு 2014-இல் 10 லட்சமாக இருந்த தொகையை 2023 அக்டோபரில் 30 லட்சமாக அதே நீதிமன்றம் உயர்த்தியது. மாநில மனித உரிமை ஆணையத்துக்குப் போவதானால் சம்பவம் நடந்து ஓராண்டுக்குள் போக வேண்டும். ஆணையத்தின் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2021-இல் கூறியபின், அந்த வழிக்கு மதிப்புக் கூடியிருக்கிறது. ஆனால் ஆணையத்தில் கொடுக்கும் வாக்குமூலமும் குற்ற வழக்கில் கொடுக்கும் வாக்குமூலமும் ஒன்றுக்கொன்று முரண்படாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்; இரண்டையும் ஒரே வழக்கறிஞர் கவனிப்பது நலம்.

வருமானம்

இதைப் பேசாமல் விடுவது நேர்மையாகாது. வழக்கின் முடிவைப் பொறுத்துக் கட்டணம் பேசுவதையும், கிடைக்கும் தொகையில் பங்கு கேட்பதையும் பார் கவுன்சில் விதிகள் தடை செய்கின்றன; விளம்பரத்துக்கும் தடை உண்டு. உரிமை வழக்குகளின் கட்சிக்காரர்களில் பெரும்பாலோரால் முழுக் கட்டணம் தர இயலாது. எனவே மோட்டார் வாகன விபத்து, குடும்பநல வழக்கு, சிவில் வழக்கு என ஏதாவது ஒரு துறையில் திறமையாகப் பழகி அதில் வீட்டுச் செலவை ஈட்டிக்கொள்வதுதான் நெடுநாள் தாக்குப்பிடிக்கும் வழி. இதைச் சமரசம் என்று சில தோழர்கள் ஏளனமாகப் பேசுவதுண்டு; வாடகை கட்ட முடியாமல் ஐந்தாம் ஆண்டில் தொழிலை விட்டவரால் எந்தக் கட்சிக்காரருக்கும் பயனில்லை. சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் வழக்கறிஞர் குழுவில் இடம்பெறுவது, முழுநேரச் சட்ட உதவிப் பாதுகாப்பு வழக்கறிஞராகப் பணியாற்றுவது, மதுரை மக்கள் கண்காணிப்பகம் போன்ற அமைப்புகளோடு இணைந்து செயல்படுவது ஆகியவையும் வழிகளே. அமைப்புகளில் சேர்பவர், அவற்றின் வெளிநாட்டு நிதிக்கான சட்டம் 2020-இல் மேலும் இறுக்கப்பட்டதை மனத்தில் கொள்ள வேண்டும்.

கட்டணம் வாங்காத வழக்கிலும் நகல், பயணம், தட்டச்சுச் செலவு யாருடையது என்று முன்பே பேசி எழுதிக்கொள்ளுங்கள். இலவசமாக எடுத்த வழக்கைக் கட்டண வழக்குக்கு அடுத்துதான் பார்ப்பேன் என்றிருந்தால், அதை எடுக்காமல் இருப்பதே கண்ணியம்.

சங்கமும் எதிர்ப்பும்

வழக்கறிஞர் சங்கங்கள் இளையவருக்குக் குடையாகவும் இருக்கும், சில நேரம் தடையாகவும் இருக்கும். குற்றம் சாட்டப்பட்ட குறிப்பிட்ட ஒருவருக்கு யாரும் ஆஜராகக் கூடாது என்று சங்கம் தீர்மானம் போடுவது சட்டவிரோதம், அத்தகைய தீர்மானம் செல்லாது என்று 2010 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் கூறியது; கோவையில் வழக்கறிஞர்களுக்கும் காவலர்களுக்கும் நேர்ந்த மோதலில் கிளைத்த வழக்கு அது. ஊரே வெறுக்கும் ஒருவருக்கு வக்காலத்துப் போடும் நாள் ஒரு நாள் வரும். அப்போது அந்தத் தீர்ப்பின் நகல் கையில் இருக்கட்டும். நீதிமன்றப் புறக்கணிப்பு நாட்களிலும் சிறையில் இருப்பவரின் ரிமாண்டு ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. அன்று என்ன செய்வது என்பதை ஒவ்வொருவரும் முன்கூட்டியே தீர்மானித்து வைத்துக்கொள்ள வேண்டும். என் கணக்கில் கட்சிக்காரர் முதலில்.

மிரட்டல் வந்தால் தேதி, நேரம், எண் ஆகியவற்றைக் குறித்து எழுத்தில் புகார் செய்துவிடுங்கள். சாட்சிக்கு மிரட்டல் வந்தால் 2018-இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற சாட்சிகள் பாதுகாப்புத் திட்டத்தின் கீழ் மனு போடலாம். நிருபர்களிடம் பேசுவதற்கு முன் கட்சிக்காரரின் சம்மதத்தை எழுத்தில் வாங்கிவிடுங்கள்; பாலியல் வன்முறை வழக்கில் பாதிக்கப்பட்டவரின் அடையாளம் வெளியாகாமல் காப்பது சட்டக் கடமை.

நீண்ட வழக்கைச் சுமப்பது

தர்மபுரி மாவட்டத்தின் பழங்குடிக் கிராமமான வாச்சாத்தியில் வனத்துறையினரும் காவல் துறையினரும் வருவாய்த் துறையினரும் புகுந்து வன்முறையில் இறங்கியது 1992 ஜூன் 20. உயர் நீதிமன்றம் சி.பி.ஐ. விசாரணைக்கு ஆணையிட்டது 1995-இல். தர்மபுரி அமர்வு நீதிமன்றம் தீர்ப்பளித்தது 2011 செப்டம்பர் 29. குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் அதற்குள் இறந்துவிட, மீதமிருந்த 215 பேரும் தண்டிக்கப்பட்டார்கள். மேல்முறையீடுகளைத் தள்ளுபடி செய்து, பாலியல் வன்முறைக்கு ஆளான 18 பெண்களுக்கும் தலா 10 லட்சம் ரூபாய் வழங்க உயர் நீதிமன்றம் ஆணையிட்டது 2023 செப்டம்பர் 29. முதல் புகாருக்கும் இந்த ஆணைக்கும் இடையில் 31 ஆண்டுகள். அப்படிப்பட்ட வழக்கில் தொடங்கிய வழக்கறிஞரே முடிக்கும் வழக்கறிஞராக இருப்பார் என்று நம்பியிருக்க முடியாது.

ஆகவே ஒவ்வொரு கட்டையும், நாளை நீங்கள் இல்லாவிட்டாலும் இன்னொருவர் எடுத்து நடத்தக்கூடிய வகையில் பேண வேண்டும். முதல் பக்கத்தில் தேதி வாரியான நிகழ்வுப் பட்டியல், அடுத்து சாட்சிகளின் பெயரும் உறவினர் தொலைபேசி எண்ணும், அதன்பின் ஆவணங்களின் வரிசை எண். மூலப் பிரதியைக் கட்சிக்காரரிடமே விட்டுவிட்டுச் சான்றொப்பமிட்ட நகலை நீங்கள் வைத்துக்கொள்வது நல்லது. வெள்ளத்திலும் கறையானிலும் அழிந்துபோன கட்டுகள் நம் ஊர் அலுவலகங்களில் ஏராளம் என்பதால் ஸ்கேன் செய்த பிரதி ஒன்றை வேறோர் இடத்தில் சேமித்து வையுங்கள். சாட்சிகளை ஆண்டுக்கு ஒரு முறையாவது தொடர்புகொண்டு, முகவரி மாறியிருந்தால் திருத்துங்கள். வழக்கு இருக்கும் கட்டத்தைக் குடும்பத்துக்குத் தமிழில் ஒரு பக்கக் கடிதமாக எழுதி அனுப்புங்கள், ஒன்றும் நடக்காத ஆண்டிலும்கூட. புதிய ஜூனியர் சேர்ந்ததும் அவருக்கு முதல் வேலையாக இந்தப் பழைய கட்டுகளில் ஒன்றைக் கொடுத்து, நிகழ்வுப் பட்டியலை ஆவணங்களோடு ஒப்பிட்டுச் சரிபார்க்கச் சொல்லுங்கள். விடுபட்ட காகிதம் எது என்பதை அவர்தான் கண்டுபிடிப்பார்.